பழைய ஸ்விட்ச் வாங்கலாமா? கேட்ட மருமகனுக்கும் கேட்காத மற்றவர்களுக்கும்

2025 ஜூனில் நின்டெண்டோவின் விளையாட்டு மெஷினான ஸ்விட்ச் 2 வந்தாலும் வந்தது, பர்மாவில் எங்கள் யாங்கோனில் பழைய ஸ்விட்ச்கள் மளமளவென்று கைமாறிக்கொண்டிருக்கின்றன. பெகுவில் இருக்கும் அக்கா மகனுக்கும் ஆசை வந்துவிட்டது. "மாமா, நீங்க இத்தனை வருசமா வச்சிருக்கீங்களே, வாங்கலாமா?" என்று கேட்கிறான். திரை எத்தனை அங்குலம், பேட்டரி எவ்வளவு நேரம் நிற்கும் என்பதெல்லாம் அவனுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். அதனால் அவன் கேட்காத ஒரே விஷயத்தைத்தான் இங்கே பேசப் போகிறேன். சேவ் டேட்டா, அதாவது ஒரு கேமில் நாம் எதுவரை ஆடியிருக்கிறோம் என்று மெஷின் பதிந்து வைப்பது. ரிப்பேருக்குப் போய்வந்ததிலிருந்து என் மண்டைக்குள் அது மட்டும்தான் ஓடிக்கொண்டிருக்கிறது.

திட்டுவதற்கு முன் நியாயமாகச் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். முறை வைத்துக் கரண்ட் வரும் ஊரில் இதைவிடத் தோதான விளையாட்டுச் சாமான் கிடையாது. டிவியில் ஆடிக்கொண்டிருக்கும்போது கரண்ட் போனால், டிவியோடு இணைக்கும் டாக் என்கிற ஸ்டாண்டிலிருந்து உருவிக் கையில் வைத்துக்கொண்டு விட்ட இடத்திலிருந்து ஆடலாம். என்னிடம் இருப்பது 2019இல் பேட்டரியைத் திருத்தி வெளியிட்ட மாடல். ஆட்டத்தைப் பொறுத்து நாலரை மணியிலிருந்து ஒன்பது மணி நேரம் என்பது நின்டெண்டோ சொல்லும் கணக்கு. பேட்டரிக்கு வயதாகிவிட்ட பிறகும், தெருப்பிள்ளைகள் "மீ லாபீ!" (கரண்ட் வந்தாச்சு) என்று கத்தும்வரை பெரும்பாலும் தாக்குப்பிடிக்கிறது. எங்கள் வீட்டில் இருட்டு நேரத்துச் சண்டைகள் பாதியாகக் குறைந்ததற்கு இந்த மெஷின்தான் காரணம். சரி, புகழ்ந்தாயிற்று.

இப்போது ரிப்பேர். ஒருநாள் சார்ஜ் ஏறாமல் நின்றுவிட்டது. வேறு வயர், வேறு சார்ஜர், எதற்கும் அசையவில்லை. பெரிய கண்ணாடிக் கதவு போட்ட கடை ஒன்றில் கொண்டுபோய்க் கொடுத்தேன். பின்பக்கத்தைக்கூடத் திறக்காமல், "போர்டு போயிடுச்சு, மாத்தணும்" என்றார்கள். மாற்றினால் சேவ் என்ன ஆகும் என்று கேட்டேன். "கேமை திரும்ப டவுன்லோடு பண்ணிக்கலாமே" என்று பதில். கேம் வேறு, சேவ் வேறு என்பதே தெரியாத ஆள் கன்சோல் ரிப்பேர் பண்ணுகிறார்! மெஷினை வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

அனவ்ரதா சாலைப் பக்கம் (அப்பாவுக்கு அது இன்னும் பிரேசர் தெருதான்) ஒரு மாடியில் போன் ரிப்பேர் பண்ணும் நம்மாள் தம்பி ஒருவர் இருக்கிறார் என்று சொன்னார்கள். அவர் கேட்ட முதல் கேள்வியிலேயே எனக்கு உயிர் வந்தது: "அண்ணே, உள்ள சேவ் இருக்கா? கிளவுட்ல, அதான் நெட்ல, போட்டிருக்கீங்களா?" இல்லை என்றேன். "அப்ப போர்டுல கை வைக்காம பாக்கணும்" என்று சொல்லிவிட்டுத்தான் ஸ்க்ரூவைக் கழற்றினார்.

ஸ்விட்ச்சில் சார்ஜ் சமாசாரத்தைப் பார்த்துக்கொள்ள எம்92டி36 என்று ஒரு சிப் இருக்கிறது. சுண்டுவிரல் நகத்தில் பாதிகூட இருக்காது. தரமில்லாத சார்ஜர், டாக், ஏறி இறங்கும் வோல்டேஜ் என்று எது வந்தாலும் முதலில் சாவது அதுதான். ரிப்பேர்காரர்களுக்கு உலகம் பூராவும் பழகிப்போன கேஸ். தம்பி மைக்ரோஸ்கோப்புக்குக் கீழே போர்டை வைத்து, சுற்றிலும் டேப் ஒட்டி, சூடான காற்றை வட்டமாகச் சுற்றிச் சுற்றிக் காட்டினார். சால்டரிங்குக்குப் பூசும் ஃபிளக்ஸின் புகை மூக்கில் ஏறியது. ஒரு கட்டத்தில் சிப் லேசாக நழுவ, சாமணத்தால் தூக்கி ஓரமாக வைத்தார். புதுசை உட்கார வைத்து, ஆறவிட்டு, வயரைச் செருகியதும் திரையில் பேட்டரி படம் வந்தது. கண்ணாடிக் கதவுக் கடை கேட்டதில் ஒரு சிறு பங்குதான் வாங்கினார்.

போர்டை மாற்றினால் சேவ் போய்விடும் என்பதற்கான காரணத்தையும் அவரே காட்டினார். பழைய ஸ்விட்ச்சில் சேவ் இருக்கும் மெமரி ஒரு குட்டிப் போர்டாகத் தனியே செருகப்பட்டிருக்கிறது. கையால் உருவிவிடலாம். அதை இன்னொரு ஸ்விட்ச்சில் செருகினால் போதுமே என்று தோன்றும். நடக்காது. உள்ளே இருப்பதெல்லாம் அந்தந்த மெஷினுக்கே உரிய சாவியால் பூட்டப்பட்டவை. பிராசசர் மாறினால் சாவியும் போச்சு. மெமரி கையில் இருக்கும், அதில் இருப்பதை எதனாலும் படிக்க முடியாது.

என் எரிச்சல் முழுவதும் இங்கேதான் மையம் கொண்டிருக்கிறது. மெஷினில் உள்ள இடம் 32 ஜிபி. அதில் நமக்கு மிஞ்சுவது ஏறத்தாழ 26. போதாதென்று எல்லோரும் மைக்ரோ எஸ்டி கார்டு போடுகிறோம். கேம் அதில் போகும், அப்டேட் போகும், எடுத்த படங்கள் போகும். சேவ் மட்டும் போகாது. காப்பி பண்ணவும் வழி கிடையாது. கேம் வரும் கார்ட்ரிட்ஜிலும் பதியாது. 2004இல் வந்த சோனியின் கையடக்க மெஷின் பிஎஸ்பியில் இந்த வசதி இருந்தது சார்! மெமரி ஸ்டிக்கில் சேவ்டேட்டா என்று ஒரு ஃபோல்டர். கம்ப்யூட்டரில் சொருகி, அப்படியே இழுத்து வேறிடத்தில் போட்டு வைத்துக்கொள்ளலாம். முக்கோண பட்டனை அமுக்கினால் காப்பி, டிலீட் எல்லாம் வரும். அழித்த பிறகு மனசு மாறினால் திரும்பப் போட்டுக்கொள்ளலாம். ஸ்விட்ச்சில் நாம் ஆடிச் சேர்த்ததெல்லாம் வாடகை வீட்டில் நட்டு வளர்த்த தென்னைதான். காய்த்துக் குலுங்கும், காலி பண்ணும்போது தூக்கிக்கொண்டு போக முடியாது.

கிளவுட் இருக்கிறதே என்பீர்கள். இருக்கிறது, 2018 செப்டம்பரிலிருந்து. ஆன்லைன் சந்தா கட்ட வேண்டும். தனி ஆளுக்கு அமெரிக்கக் கணக்கில் வருசம் 20 டாலர். பணம் பெரிசில்லை, கட்டுகிற வழிதான் பெரிசு. பர்மாவுக்கென்று நின்டெண்டோவின் ஆன்லைன் கடை கிடையாது. வேறு நாட்டைப் போட்டு அக்கவுண்ட் திறந்து, நம் கார்டு செல்லாமல், யாரிடமாவது கிஃப்ட் கோடு வாங்கி, நெட் ஒழுங்காக இருக்கும் நேரம் பார்த்து ஏற்ற வேண்டும். சந்தா முடிந்தால் 180 நாளைக்குள் புதுப்பித்தால் திரும்பக் கிடைக்கும், அதற்கப்புறம் கேட்டுப் பயனில்லை. இவ்வளவும் செய்தாலும் எல்லா கேமும் கிளவுடில் ஏறாது. போக்கிமான் சோர்டும் ஷீல்டும் ஏறாது, ஸ்ப்ளாட்டூன் 2 ஏறாது. ஏமாற்று வேலையைத் தடுக்கவாம். நேர்மையாக ஆடியவன் சேவுக்கு யார் பொறுப்பு?

மெஷின் உயிரோடு வந்த சந்தோஷத்தில் உள்ளே இருப்பதை ஒழுங்குபடுத்தலாம் என்று உட்கார்ந்தேன். இங்கே நிறைய பேர் குழம்புகிறார்கள், அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். ஒரு கேமை ஆர்க்கைவ் பண்ணினால் கேம் போகும், ஐகான் மெனுவில் இருக்கும், சேவும் இருக்கும். டிலீட் பண்ணினால் கேமும் ஐகானும் போகும். அப்போதும் சேவ் இருக்கும்! சேவை அழிக்க வேண்டுமென்றால் சிஸ்டம் செட்டிங்ஸ் போய், டேட்டா மேனேஜ்மென்டுக்குள் நுழைந்து, சேவ் டேட்டா அழிக்கும் பகுதியைத் தேடிப் பிடிக்க வேண்டும். அங்கே கேம் கேமாக வரிசை வரும். ஒன்றைத் தொட்டால், இன்னாருடைய சேவை மட்டும் அழிக்கவா, இந்த கேமின் எல்லா சேவையும் அழிக்கவா என்று அடுத்தடுத்து நிற்கும். இரண்டும் ஒரே மாதிரி பட்டன், ஒன்றுக்குக் கீழ் ஒன்று. எட்டுப் பேர்வரை யூசர் வைத்துக்கொள்ளும் மெஷினில் இப்படியா வைப்பார்கள்? ஒன்றில் என் சேவ் போகும், மற்றதில் குடும்பமே போகும். யூசரையே நீக்கினால் அந்த ஆளின் மொத்த சேவும் கூடவே போகும், அது இன்னொரு கதை.

இடம் பிடிக்கிறது என்று சேவை அழிக்கப் போகிறவர்கள் தயவுசெய்து நிறுத்துங்கள். இடத்தை அடைப்பது கேமும் அப்டேட்டும்தான். பிரெத் ஆஃப் தி வைல்டு என்ற கேம் 13 ஜிபிக்கு மேல். அதன் சேவ் அதற்கு முன்னால் தூசு. சேவை அழித்து இடம் மிச்சம் பிடித்தவர் யாரையும் நான் பார்த்ததில்லை.

கேமையும் சேவையும் பிரித்து வைக்கும் இந்த ஏற்பாட்டால் ஒரு நல்லதும் நடந்தது, அதை மறைக்கக் கூடாது. அதே பிரெத் ஆஃப் தி வைல்டு கார்ட்ரிட்ஜை எப்போதோ விற்றுவிட்டேன். ரிப்பேருக்குப் பின் ஒரு நண்பரிடம் இரவல் வாங்கிச் செருகினேன். மலை உச்சியில், மழையில், நான் விட்ட அதே இடத்தில் கேமின் நாயகன் லிங்க் நின்றுகொண்டிருந்தான். பையில் சமைத்து வைத்த சாப்பாடு அப்படியே. உடையப் போகிற வாள்கூட அதே வாள். நின்டெண்டோவின் பழைய கையடக்க மெஷினான டிஎஸ் காலத்தில் கார்ட்ரிட்ஜை விற்றால் சேவும் அதோடு போய்விடும், வாங்கியவன் அழித்துவிட்டு ஆடுவான். அந்த வகையில் இது எவ்வளவோ மேல். அன்றைக்கு ராத்திரி முழுக்க எனக்கு இந்த மெஷின் மேல் கோபமே இல்லை.

மறுநாள், தீவில் வீடு கட்டி வாழும் கேமான அனிமல் கிராசிங் திரும்பக் கோபத்தைக் கொண்டுவந்தது. ஒரு கன்சோலுக்கு ஒரே தீவு. எட்டு யூசர் இருந்தாலும் எல்லோரும் அந்த ஒரே தீவில்தான் வீடு கட்ட வேண்டும். யார் முதலில் தொடங்கினாரோ அவர்தான் அதற்குத் தலைவர். எங்கள் வீட்டில் தலைவர் என் மனைவி. 2020இல் வீட்டுக்குள் அடைந்து கிடந்தபோது தொடங்கிய தீவு, பூ வரிசையெல்லாம் நிறம் பார்த்து வைத்திருக்கிறாள். பையனுக்கோ தனக்கென்று புதுத் தீவு வேண்டும். அதற்கு ஒரே வழி, எல்லா யூசரின் சேவையும் சேர்த்து அழிப்பது. "என்னங்க, அந்தப் பட்டன் பக்கம் யாராவது கை வச்சீங்கன்னா அப்புறம் சோறு கிடையாது" என்று உத்தரவாகியிருக்கிறது. இந்த கேமும் சாதாரண கிளவுடில் ஏறாது. தீவுக்கென்று தனி பேக்கப் ஒன்று 2020 ஜூலையில் வந்தது, அதற்கும் சந்தா வேண்டும். வேறு மெஷினுக்குத் தீவைக் கொண்டுபோகத் தனியாக ஓர் ஆப். ஒரு குடும்பம் ஒரு மெஷின் என்று இருக்கும் வீட்டைப் பற்றி யோசித்துச் செய்ததாகத் தெரியவில்லை. ஆளுக்கொரு மெஷின் விற்க யோசித்திருப்பார்கள்.

போக்கிமானில் இதற்கு நேரெதிர்க் கூத்து. சோர்டு, ஷீல்டில் ஒரு யூசருக்கு ஒரே சேவ். முதலிலிருந்து ஆட வேண்டுமென்றால் கேமுக்குள் அதற்கு வழியே கிடையாது, மேலே சொன்ன செட்டிங்ஸ் பாதையில் போய் அழித்தால்தான் உண்டு. பையனுக்குச் சொல்லிவைத்திருக்கிறேன்: அழிக்காதே, இன்னொரு யூசர் போட்டுக்கொண்டு அதில் புதிதாக ஆடு. யூசர் போட காசில்லை.

சரி மருமகனே, உன் விஷயத்துக்கு வருகிறேன். பழைய மெஷின் வாங்கினால் முன்னவர் யூசர் எதுவும் இல்லாமல், அவர் கண் முன்னாலேயே முழுசாக இனிஷியலைஸ் பண்ணி (உள்ளே இருப்பதையெல்லாம் துடைத்து) வாங்கு. விற்பவர் சேவை உன்னிடம் விட்டுப் போவதாகச் சொன்னால் அதற்கு மயங்கி ஒரு கியாட்கூடக் கூட்டிக் கொடுக்காதே. போர்டு மாற்றிய மெஷினா என்று கேள். நீ ஆடத் தொடங்கிய பிறகு சாஃப்ட்வேர் கோளாறு என்று எந்தக் கடைக்காரனாவது ரீசெட் பண்ணப் போனால் கையைப் பிடி. மெஷினை அணைத்துவிட்டு, வால்யூம் கூட்டும் பட்டனையும் குறைக்கும் பட்டனையும் சேர்த்து அமுக்கிக்கொண்டு பவரை அழுத்தினால் ஒரு மெனு வரும். சேவை அழிக்காமல் இனிஷியலைஸ் பண்ணும் வழி அதில் தனியாக இருக்கிறது. பாதிக் கடைக்காரர்களுக்கு அப்படி ஒன்று இருப்பதே தெரியாது.

உன் சேவ் ஏதாவது எங்கள் மெஷினில் கிடந்தால் அதை மாற்றிக்கொள்ளலாம், ஆனால் இரண்டு மெஷினும் பக்கத்துப் பக்கத்தில் இருக்க வேண்டும். மாற்றியதும் இங்கே இருப்பது போய்விடும், காப்பி தங்காது. போன தீபாவளிக்கு வந்தபோது நீ ஆடி வைத்த சேவ் இங்கே இருக்கிறது. பார்த்தேன், போக்கிமானில் நாலாவது ஜிம் சண்டையில் தோற்று நிற்கிறாய்.

இவ்வளவு திட்டிய பிறகு வாங்காதே என்றுதான் சொல்ல வேண்டும். வாங்கு. கரண்ட் இல்லாத நேரத்தில் இதற்கு மாற்று எனக்குத் தெரியவில்லை. கிளவுடுக்கு வழி பண்ண முடிந்தால் பண்ணிக்கொள். முடியாவிட்டால், சேவ் போச்சு மாமா என்று என்னிடம் வந்து அழாதே. மாடித் தம்பியின் நம்பர் வேண்டுமானால் தருகிறேன்.