சுங்கை பூலோ நர்சரிகளில் நிழல் மரம் வாங்குவது: ஒரு மதிப்பீடு

கோலாலம்பூரிலும் அதைச் சுற்றியும் வீட்டுக்கு மரக்கன்று வாங்க நினைப்பவர்களில் பெரும்பாலோர் முதலில் போகும் இடம் சுங்கை பூலோ. 1930இல் அங்கே அமைந்த தொழுநோயாளர் குடியிருப்பில் வாழ்ந்தவர்கள் பிழைப்புக்காகச் செடி வளர்த்து விற்றதன் தொடர்ச்சியாகத்தான் இன்று அந்த வட்டாரம் முழுவதும் நர்சரிகள் நிறைந்திருக்கின்றன. பூச்செடி, துளசி, கறிவேப்பிலை, சட்டி, உரம் ஆகியவற்றை வாங்க அதைவிட நல்ல இடத்தை நான் அறியேன். குடையாக விரியும் நிழல் மரத்தை வாங்கும்போது மட்டும் அந்தக் கடைகளை வேறோர் அளவுகோலால் அளக்க வேண்டும். பூச்செடி ஒத்துவராவிட்டால் பிடுங்கிவிடலாம்; சிலாங்கூரிலோ, சுற்றளவு 0.8 மீட்டரைத் தாண்டிவிட்ட மரத்தை வெட்டுவதற்கு 1976ஆம் ஆண்டின் நகர, கிராமத் திட்டச் சட்டப்படி ஊராட்சி மன்றத்தின் எழுத்துபூர்வமான அனுமதி வேண்டும்.

என் மதிப்பீட்டை முன்னதாகவே சொல்லிவிடுகிறேன். கன்றுகளின் வகையிலும் விலையிலும் இந்த நர்சரிகளுக்கு முழு மதிப்பெண் தரலாம். ஆலோசனை கடைக்குக் கடை மலைக்கும் மடுவுக்குமாக வேறுபடுகிறது. நடவுச் சேவைதான் மிகவும் பலவீனமானது. ஒரு கடை நம்பத்தக்கதா என்பதைக் கண்டுகொள்ள நான் வைத்திருக்கும் சோதனை எளிமையானது. "நல்ல நிழல் தரும் மரம் வேண்டும்" என்று கேட்டவுடன் அவர்கள் விலையைச் சொல்கிறார்களா, நிலத்தைப் பற்றிக் கேட்கிறார்களா என்று கவனிப்பேன். பெரும்பாலான கடைகளில் நேராகக் கெத்தாப்பாங் கெஞ்சானா என்ற நுண்ணிலை மரம் நிற்கும் வரிசைக்கு அழைத்துப் போனார்கள். ஒரு கடையில் மட்டும், அங்கே வேலை செய்யும் பெரியவர் ஒருவர், "வெயில் எந்தப் பக்கம் அடிக்குதும்மா? பின்னால லோங்காங் (வடிகால்) இருக்கா? டிஎன்பி (மின்சார) கம்பி எங்க போகுது?" என்று வரிசையாகக் கேட்டுவிட்டு, வீட்டு மனையைத் தாளில் வரைந்து காட்டச் சொன்னார். அந்த மூன்று கேள்விகளுக்காகவே அவரிடம் வாங்கலாம்.

முதல் கேள்வி மிக முக்கியமானது. கோலாலம்பூர் நிலநடுக்கோட்டுக்கு வடக்கே ஏறத்தாழ 3 பாகையில் இருப்பதால், உச்சிவெயில் ஜூன் மாதத்தில் சற்று வடக்காகவும் டிசம்பரில் சற்று தெற்காகவும் சாய்கிறதே தவிர, எப்போதும் உயரத்திலிருந்துதான் விழுகிறது. ஆகவே வடக்கு, தெற்குச் சுவர்களைக் கூரையின் நீட்டமே ஓரளவு காத்துவிடும். கிழக்கிலும் மேற்கிலும் வெயில் தாழ்வாகச் சாய்ந்து நேரே சுவரில் அடிக்கிறது. அவற்றில் மேற்குச் சுவர்தான் நம்மை வாட்டுகிறது, ஏனென்றால் காற்று ஏற்கெனவே சூடேறியிருக்கும் பிற்பகலில் அந்த வெயிலை வாங்கும் செங்கல், இரவில் அதை அறைக்குள் விடுகிறது. நம் கடிகாரப்படி சூரியன் உச்சிக்கு வருவது 1 மணியை ஒட்டித்தான். மாலை 5 மணிக்கு அது அடிவானத்திலிருந்து ஏறத்தாழ 30 பாகை உயரத்தில் நிற்கும். அந்த நேரத்தில் 6 மீட்டர் உயரமுள்ள மரம் 10 மீட்டர் நீளத்துக்கு நிழல் போடும். மேற்குச் சுவரிலிருந்து 5 மீட்டர் தள்ளி அதை நட்டாலும் அதன் நிழல் சுவரில் 3 மீட்டர் வரை ஏறி, கீழ்த்தளத்துச் சன்னல்களை மூடிவிடும். நிழல் வேண்டுமென்றால் மரத்தைச் சுவரோடு ஒட்டி நட வேண்டும் என்ற எண்ணம் தேவையற்றது என்பதற்கு இந்தக் கணக்கே போதும். பெரிய மரங்கள் தெற்கிலும் மேற்கிலும் இருக்கட்டும் என்று வாஸ்து பார்க்கும் நம் பெரியவர்கள் சொல்வதும், மேற்கைப் பொறுத்தவரை, இதற்கு இசைவாகவே இருக்கிறது.

அடுத்து அகலம். தொட்டியில் ஆளுயரம் நிற்கும் கன்றைப் பார்த்து மரத்தின் அளவை முடிவு செய்வதுதான் பெரும்பாலான வீடுகளில் நடக்கிறது. தூங்குமூஞ்சி மரத்தைப் பலரும் விரும்பிக் கேட்கிறார்கள். அது உயரத்தைவிட அகலமாக விரியும்; முழு வளர்ச்சியில் 30 மீட்டர் வரை பரவும். 19ஆம் நூற்றாண்டில் தைப்பிங் ஏரிப் பூங்காவில் நட்ட மரங்கள் சாலையைத் தாண்டி நீரைத் தொடுவதைக் கண்டவர்கள் அதை எந்த வீட்டு வாசலுக்கும் பரிந்துரைக்க மாட்டார்கள். 22க்கு 75 அடித் தொடர்வீட்டில் போர்ச் போக மீதமுள்ள இடத்துக்கு விரிநிழல் மரம் எதுவும் பொருந்தாது என்பதை ஒரு நல்ல விற்பனையாளர் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். அந்தப் பெரியவர் சொன்னார்: "தொடர்வீடுன்னா மரத்த விடுங்கம்மா, கொடிப்பந்தல் போடுங்க." 10 மீட்டர் விரியும் மரத்துக்கு நடுத்தண்டிலிருந்து எல்லாப் பக்கமும் 5 மீட்டர் வெறும் நிலம் வேண்டும், தனி வீட்டு மனையிலும், பக்கவாட்டில் தாராளமான இடமுள்ள மூலை வீட்டிலும்தான் அதற்கு வழியுண்டு.

இந்த எச்சரிக்கை மிகையன்று. 2024 மே 7 அன்று கோலாலம்பூரின் ஜாலான் சுல்தான் இஸ்மாயில் சாலையில் பெருமரம் ஒன்று சாய்ந்து ஒருவர் உயிரிழந்தார், பல வாகனங்கள் நசுங்கின, மோனோரயிலும் நின்றது. பிற்பகல் புயல்மழை இந்நகரத்துக்கு ஆண்டுதோறும் வருவது. எனவே விரைவாக வளரும் மரத்தைத் தேடுவோரை நான் தடுக்கவே செய்வேன். அங்சானாவின் கிளையை வெட்டி ஊன்றினாலே வேர்பிடிக்கும், சில ஆண்டுகளில் நிழலும் தரும். ஆனால் புயல்காற்றில் கிளை முறிவது அதன் இயல்பு. செம்மயிற்கொன்றையின் குடை அழகானது. அதன் மரமோ எளிதில் ஒடியக்கூடியது, வேர்களும் தரைமட்டத்திலேயே ஓடித் தளக்கற்களைத் தூக்கும். ஆலமரத்தையும் அரசமரத்தையும் நாம் கோயிலுக்கென்றே விட்டுவிடுகிறோம், நல்லது. அதே குடும்பத்து வாரிங்கின் மட்டும் வேலிச்செடியென்ற பெயரில் வீட்டுக்குள் வந்துவிடுகிறது. கத்தரிப்பதை நிறுத்தினால் மரமாகும். அதன் வேர் லோங்காங்கையும் கழிவுநீர்க் குழாயின் இணைப்புகளையும் தேடிப் போகும்.

நான் மனமாரப் பரிந்துரைப்பவை மெதுவாக வளர்பவை. மகிழம், மலாயில் புங்கா தஞ்சோங், எப்போதும் இலையடர்ந்து உருண்ட தலையோடு நிற்கும். அதன் பூ உதிர்ந்து வாடிய பிறகும் மணக்கும். புன்னை, அதாவது பெனாகா லாவுட், அடர்ந்த நிழலும் உறுதியான மரமும் கொண்டது. உருண்டைக் காய்கள் விழும் என்பதால் நடைபாதைக்கு மேலே மட்டும் வேண்டாம். புங்கை என்ற மெம்பாரி நல்ல பரப்புள்ள நிழலைத் தரும், வளம் குறைந்த மண்ணிலும் வளரும். பெரணி இலைபோன்ற இலையுடைய கியாரா பாயோங்கின் நிழல் நெருக்கமானது. கெத்தாப்பாங் கெஞ்சானாவை நான் வெறுக்கவில்லை. அடுக்கடுக்கான அதன் கிளைகள் மெல்லிய நிழலைத் தரும், ஆனால் நுண்ணிலைகள் கூரையோர மழைநீர் வடிகாலை அடைத்துவிடும். வேம்பு நம் வீட்டு மரம்தான், ஆனாலும் நீர் தேங்கும் களிமண்ணில் நலிந்துபோகும். மேட்டுநிலம் இருந்தால் மட்டும் வையுங்கள்.

கன்றின் தரத்தைப் பார்க்கும்போது சற்றுக் கண்டிப்பாக இருக்க வேண்டும். சுங்கை பூலோவில் நல்ல கன்றும் நீண்டகாலம் தொட்டியிலேயே கிடந்த கன்றும் ஒரே வரிசையில் நிற்கின்றன. தொட்டியின் அடித்துளை வழியே தடித்த வேர் வெளிவந்திருந்தால், உள்ளே வேர் வட்டமாகச் சுற்றியிருக்க வாய்ப்பு மிகுதி. அந்த வளையம் பிற்காலத்தில் தண்டையே நெருக்கும். மேல்தண்டு ஒன்றாக இருக்க வேண்டும், இரண்டாகக் கவைத்திருக்கக் கூடாது. தலையை மொட்டையாக வெட்டி உயரத்தை அடக்கிய கன்று வேண்டவே வேண்டாம். நிலத்திலிருந்து தோண்டிக் கோணியில் கட்டித் தரும் பெரிய மரம் கண்ணுக்குக் கவர்ச்சியாக இருந்தாலும், அதன் வேரில் பெரும்பகுதி வெட்டப்பட்டுவிட்டது. பல மடங்கு விலை கொடுத்து அதை வாங்குவதைவிட ஆளுயரக் கன்றே போதும்.

நடவுச் சேவை குறித்து எனக்கு மனநிறைவில்லை. ஒரு கடையின் ஆட்கள் குழியைக் குறுகலாகவும் ஆழமாகவும் வெட்டி, தண்டும் வேரும் சேரும் வேர்க்கழுத்து புதையும்படி கன்றை இறக்கி, கருமண்ணைக் கூம்பாகக் குவித்துவிட்டுப் போனார்கள். நம் செம்மண் களிமண்ணில் இப்படிச் செய்தால் குழி நீர்த்தொட்டியாகி வேர் அழுகும். குழியின் அகலம் தொட்டியைப்போல் இருமடங்கு அல்லது மும்மடங்கு இருக்கட்டும். ஆழம் வேர்மண் உருண்டையின் உயரத்துக்கு மேல் வேண்டாம். தோண்டிய மண்ணையே திரும்பப் போடச் சொல்லுங்கள். தண்டு விரிந்து வேராகும் இடம் தரைக்கு மேலே கண்ணுக்குத் தெரிய வேண்டும். சருகு மூடாக்கு ஐந்து முதல் பத்து செண்டிமீட்டர் கனத்தில் போட்டு, தண்டைத் தொடாமல் விலக்கி வையுங்கள். முட்டுக்கம்பைத் தளர்வாகக் கட்டி, ஓராண்டில் எடுத்துவிட வேண்டும். கடைக்காரர்கள் அதற்காகத் திரும்பி வரமாட்டார்கள். ஆகையால் கன்றை மட்டும் வாங்கிக்கொண்டு, நடும் நாளில் வீட்டில் ஒருவர் கூடவே நிற்பதுதான் என் பரிந்துரை. அக்டோபர் மழை தொடங்கும்போது நட்டால் தண்ணீர் ஊற்றும் வேலையும் குறையும்.

வாரநாள் காலையில் போனால் பேச நேரம் கிடைக்கும். ஞாயிறன்று யாரும் உங்கள் மனைவரைபடத்தைப் பார்க்கப் போவதில்லை. பணம் கட்டுமுன் ரசீதில் மரத்தின் மலாய்ப் பெயரை முழுமையாக எழுதி வாங்குங்கள். கெத்தாப்பாங் என்று மட்டும் எழுதினால் அது பெரிய இலையும் அகன்ற அடுக்குமுடைய நாட்டு வாதுமையையே குறிக்கும். கெஞ்சானா என்ற சொல் சேர்ந்தால்தான் அது மடகாஸ்கரிலிருந்து வந்த நுண்ணிலை மரம். இரண்டுக்கும் வேண்டிய இடம் வேறு.