கடை வாசலில் தகராறு: 66ஆம் பிரிவா, எழுத்தாணையா?

இலங்கையில், கொழும்பு புறக்கோட்டையில் வாடகைக் கடை நடத்துபவர், ஒரு காலை தமது இரும்புக் கதவில் வேறொருவரின் பூட்டு தொங்குவதைக் கண்டு, பொலிஸில் முறைப்பாடு செய்தும் "இது சிவில் பிரச்சினை" என்ற பதிலையே பெற்றால், அவர் முன் இரு வழிகள் உள்ளன.

முதலாவது, 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க முதனிலை நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவு. நிலத்தையோ கட்டடத்தையோ பற்றிய பிணக்கால் சமாதானக் குலைவு ஏற்படலாம் எனில் பொலிஸார் அந்த நீதிமன்றத்தில் தகவல் தாக்கல் செய்ய வேண்டும். அவர்கள் தயங்கினால், கடைக்காரரே சத்தியக்கடதாசியுடன் நீதிமன்றத்தை அணுகலாம். இங்கு உரிமையாளர் யார் என்பதல்ல, உடைமையில் இருந்தவர் யார் என்பதே கேள்வி. தகவல் தாக்கலாவதற்கு முந்தைய 2 மாதங்களுக்குள் பலவந்தமாக வெளியேற்றப்பட்டவரை மீளக் குடியமர்த்தவும் கட்டளையிடலாம். எனவே நாட்களைக் கடத்துவது ஆபத்து. மின்கட்டணப் பட்டியல், வாடகைப் பற்றுச்சீட்டு, முறைப்பாட்டின் பிரதி ஆகியவை இங்கே பெரும் வாதங்களைவிடப் பெறுமதியானவை.

இரண்டாவது, அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ், கடமையைச் செய்யுமாறு பொலிஸாரைப் பணிக்கும் எழுத்தாணையை மேன்முறையீட்டு நீதிமன்றத்திடம் கோருவது. முன்கூட்டியே எழுத்துமூலம் கேட்டு மறுக்கப்பட்டதைப் பொதுவாகக் காட்ட வேண்டும், செலவும் அதிகம். நிலத்தையோ கட்டடத்தையோ பற்றிய பிணக்காக இல்லாமல், வாடிக்கையாளரும் ஊழியரும் மிரட்டப்படுவதைப் பொலிஸார் பாராமுகமாக விடும்போதுதான் இதை நான் தெரிவுசெய்வேன்; பூட்டுக்கு முதலாவதே போதும்.