ஐரோப்பிய ஒன்றியத்துக்கு இரண்டு தலைவர்கள்: யாருக்கு முதல் நாற்காலி?

2021 ஏப்ரலில் அங்காராவில் துருக்கி அதிபர் எர்டோகனுக்குப் பக்கத்தில் ஒரே ஒரு நாற்காலிதான் இருந்தது. ஐரோப்பிய கவுன்சிலின் (உறுப்பு நாட்டுத் தலைவர்கள் கூடும் அவை) அப்போதைய தலைவர் சார்லஸ் மிஷேல் அதில் உட்கார்ந்துவிட்டார். ஐரோப்பிய ஆணையத்தின் (ஒன்றியத்தின் நிர்வாக அமைப்பு) தலைவர் உர்சுலா வான் டெர் லெயன் கொஞ்சம் நின்று பார்த்துவிட்டு, தள்ளிக் கிடந்த சோபாவுக்குப் போனார். சரி, இவர்களில் பெரியவர் யார்?

வரிசை: வெளிநாட்டில் கவுன்சில் தலைவருக்கே முதலிடம் என்றது கவுன்சில் தரப்பு, இருவரும் சமம் என்றது ஆணையம்.

பதவிக்காலம்: கவுன்சில் தலைவருக்கு இரண்டரை ஆண்டு, ஒருமுறை நீட்டிக்கலாம், ஆணையத் தலைவருக்கு 5 ஆண்டு.

தேர்வு: முன்னவருக்கு நாட்டுத் தலைவர்கள் போதும், பின்னவருக்கு ஐரோப்பிய நாடாளுமன்றத்தின் ஓட்டும் வேண்டும்.

அதிகாரம்: சட்ட முன்மொழிவு, வணிகப் பேச்சுவார்த்தை எல்லாம் ஆணையத்திடம்தான்.

27 நாட்டுத் தலைவர்களின் பொது வெளியுறவு நிலைப்பாடு தெரிய வேண்டுமா, கவுன்சில் தலைவரைப் பிடியுங்கள். சுங்கவரி, சந்தை என்றால் ஆணையம். இருவரும் சேர்ந்து வந்தால் இரண்டு நாற்காலி போடுங்கள்.