பிடிபட்ட வண்டி: இப்போதே மனுவா, தீர்ப்பு வரை பொறுமையா?

திருடுபோன என் பைக்கைப் போலீஸ் மீட்டது. ஆனால் மீட்ட வண்டி வழக்குச் சொத்து. கோர்ட் உத்தரவு இல்லாமல் ஸ்டேஷன் வாசலைத் தாண்டாது. மாஜிஸ்திரேட் கோர்ட்டில் மனுப் போட்டு இடைக்காலமாக வாங்கலாம். இல்லையென்றால் வழக்கு முடியும்வரை காத்திருக்கலாம். நேராக உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (போலீஸ் போன்ற அரசுத் தரப்புக்கு உத்தரவிடக் கோரும் மனு) போடச் சொன்னவர்களும் உண்டு. எஃப்.ஐ.ஆர். இருக்கும் வழக்கில் 'முதலில் மாஜிஸ்திரேட்டிடம் போங்கள்' என்று அனுப்பிவிடவே வாய்ப்பு அதிகம் என்பதால் அதை விட்டுவிட்டேன். நான் மனுப் போட்டேன். யார் கேட்டாலும் அதையே சொல்கிறேன்.

காத்திருப்பதில் ஒரு லாபம் உண்டு: வக்கீல் செலவு இல்லை, ஜாமீன்தாரரைத் தேடி அலைய வேண்டாம். ஆனால் தீர்ப்பு வந்த அன்றே வண்டி கைக்கு வந்துவிடாது. வழக்கு முடிந்தபின் சொத்தை யாரிடம் ஒப்படைப்பது என்பதற்கு ஒரு பிரிவு இருக்கிறது: பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 452, 2024 ஜூலை முதல் அதன் இடத்தில் வந்த புதிய சட்டமான பி.என்.எஸ்.எஸ்.-இல் 498. உத்தரவு மாறினால் வண்டியைத் திருப்பித் தருவேன் என்று பிணைப்பத்திரம் எழுதிக் கொடுக்காவிட்டால், ஒப்படைக்கச் சொன்ன உத்தரவையே 2 மாதங்களுக்கு நிறைவேற்றக் கூடாது என்கிறது அது. யாராவது மேல்முறையீடு போனால் அதுவும் முடிய வேண்டும். பத்திரம் வேண்டாம் என்றுதான் காத்திருந்தோம் என்றால், கடைசியில் மறுபடி பத்திரத்துக்கே வந்து நிற்போம்.

அதுவரை வண்டி எங்கே கிடக்கும்? ஸ்டேஷன் பின்பக்கத்தைப் பார்த்தவர்களுக்குத் தெரியும். டேங்க்கில் வெள்ளைப் பெயின்ட்டில் குற்ற எண், கிழிந்த சீட்டுக்குள் மழைத் தண்ணீர், காற்றிறங்கித் தரையோடு ஒட்டிய டயர். பேட்டரி முதலில் போகும், அப்புறம் செயின், கார்புரேட்டர். இதைத்தான் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002-லேயே உச்ச நீதிமன்றம் சொன்னது: வண்டிகளை நெடுநாள் ஸ்டேஷனில் போட்டு வைப்பதில் பயனில்லை, தக்க பிணை வாங்கிக்கொண்டு உடனே விடுங்கள். என் வக்கீல் மனுவில் இந்தத் தீர்ப்பைத்தான் முதலில் வைத்தார்.

சரி, மனுவில் சிக்கலே இல்லையா? இருக்கிறது, நிபந்தனைகளில். சொந்தப் பத்திரம், ஜாமீன்தாரர், ஆர்.சி. புத்தகம், இன்சூரன்ஸ் எல்லாம் கேட்பார்கள். விற்கக் கூடாது, நிறத்தை மாற்றக் கூடாது, கூப்பிடும்போது கொண்டுவர வேண்டும். சீக்கிரம் விற்க நினைப்பவருக்கு இது உறுத்தும். கோர்ட்டில் தனியாக அனுமதி வாங்க வேண்டியிருக்கும். தினமும் ஓட்டுகிறவருக்கு இது பெரிய விஷயமே இல்லை. ஆர்.சி. வேறொருவர் பேரில் இருந்தால் மட்டும் முதலில் அதைப் பாருங்கள். மனுப் போட வேண்டியவர் அவர்தான். திருட்டுக்கான இன்சூரன்ஸ் பணம் ஏற்கெனவே வாங்கிவிட்டீர்கள் என்றால் வண்டியைக் கோர வேண்டியது அந்தக் காப்பீட்டு நிறுவனம்.

மணல், சாராயம், கஞ்சா வழக்குகளில் பிடிபட்ட வண்டிக்கு இதை அப்படியே பொருத்தாதீர்கள். அங்கே பறிமுதல் நடவடிக்கை தனியாக ஓடும். அந்தப் பக்கம் எனக்கு அனுபவம் இல்லை. போதைப்பொருள் வழக்கிலும் இடைக்கால விடுவிப்புக்குச் சட்டத் தடை இல்லை என்று 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதை உங்கள் வக்கீலிடம் காட்டிக் கேளுங்கள்.

மனு எழுதும்போது ஒன்றை மட்டும் விடாதீர்கள். வண்டியைப் புகைப்படமும் வீடியோவும் எடுக்க பி.என்.எஸ்.எஸ். 497 வழி செய்கிறது. அந்தப் படங்களையே சாட்சியமாக ஏற்கும்படி மனுவிலேயே கேளுங்கள். அது கிடைத்தால், விசாரணை நாளில் வண்டியைக் கோர்ட் வரை ஓட்டிப் போகும் வேலை பெரும்பாலும் மிச்சம்.