ப்ரீகாபலின் மூணு வருஷம் சாப்பிட்ட அனுபவம்: அட்டைய தூக்கிப் போட்றாதீங்க

எனக்கு சுகர் வந்து 14 வருஷம் ஆச்சு. மூணு வருஷம் முன்னாடிதான் பாதத்துல எரிச்சல் ஆரம்பிச்சுது. பகல்ல கடையில நிக்கும்போது ஒண்ணும் தெரியாது, ராத்திரி படுத்தா போதும், மொளகாப்பொடி தடவின மாதிரி எரியும், பெட்ஷீட் பட்டாலே தாங்காது, ஈரத்துணிய கால்ல சுத்திக்கிட்டு படுத்த நாளெல்லாம் உண்டு. டாக்டர் டியூனிங் ஃபோர்க்க தட்டி கட்டைவிரல்ல வெச்சு "அதிருதா?"ன்னாரு, எனக்கு இரும்பு ஜில்லுன்னு இருந்தது கூட தெரியல. சுகரால நரம்பு கெட்டிருக்குன்னு சொல்லி, நரம்பு வலிக்கான ப்ரீகாபலின் 75 மில்லிகிராம், கூட மெத்தில்கோபாலமின் (பி12 வைட்டமின்) சேந்த கேப்சூல், ராத்திரி ஒண்ணு எழுதினாரு. சுகருக்கு சாப்பிடுற மெட்ஃபார்மின வருஷக்கணக்கா சாப்பிட்டா பி12 குறையும், அதுக்குத்தான் அந்த ரெண்டாவது ஐட்டம்னு சொன்னாரு.

முதல் வாரம் குடிச்சவன் மாதிரி தள்ளாடினேன், பைக் எடுக்கல, பையன்தான் கடையில கொண்டுவந்து விட்டான். பத்து நாள்ல எரிச்சல் முக்கால்வாசி அடங்கிடுச்சு. மதமதப்பு மட்டும் அப்படியேதான் இருக்கு. மாத்திரை வலிய அமுக்கும், கெட்டுப்போன நரம்ப சரி பண்ணாது, சுகர கட்டுப்பாட்டுல வெச்சாதான் மேல மோசமாகாம இருக்கும்.

இப்ப விஷயத்துக்கு வர்றேன். ஒரு தடவ நம்ம கேப்சூல் ஸ்டாக் இல்லன்னு மெடிக்கல்ல பையன் "இதே மருந்துதான் சார், கம்பெனி மட்டும் வேற"ன்னு ஒரு அட்டைய வெட்டி அஞ்சு கொடுத்தான். நானும் பாக்கல. ரெண்டாவது நாளே வாய் காஞ்சு நாக்கு மேலண்ணத்துல ஒட்டுது, மலச்சிக்கல், அதவிட யூரின் வரமாட்டேங்குது, முக்கி முக்கி நிக்கிறேன். எனக்கு ஏற்கனவே ப்ராஸ்டேட் லேசா பெருசு. "ஏங்க, அந்த மாத்திரைய மாத்துனதுல இருந்துதானே"ன்னு வீட்டம்மா சொன்னப்புறம்தான் அட்டைய தேடினேன், வெட்டினதுல பாதி பேர்தான் இருந்துச்சு, கடைக்கே போய் மீதி அட்டைய வாங்கிப் பாத்தா ப்ரீகாபலினோட நார்ட்ரிப்டிலின் 10 மில்லிகிராம்! அதுவும் நரம்பு வலிக்கு கொடுக்குற மருந்துதான், ஆனா எனக்கு எழுதினது இல்ல, ப்ராஸ்டேட் இருக்கவங்களுக்கு யூரின் அடைக்கும்.

அதனால பெரிய எழுத்துல இருக்க பேர நம்பாதீங்க. அடியில பொடி எழுத்துல உள்ள மருந்து பேரு, எத்தன மில்லிகிராம், ரெண்டும் பாக்கணும். பேருக்குப் பின்னாடி எம், என்டி, எஸ்ஆர்னு வால் இருக்கும், அந்த வால்லதான் எல்லா வித்தியாசமும். பெரும்பாலும் எம்னா மெத்தில்கோபாலமின், என்டின்னா நார்ட்ரிப்டிலின். எஸ்ஆர்னா மெதுவா கரையறது, அத கடிக்கவோ பொடிக்கவோ கூடாது. காபாபென்டின் 300 இன்னொரு மருந்து, ப்ரீகாபலினுக்கு சொந்தக்காரன்தான், அதுக்காக இதுக்கு பதிலா அத நாமளா மாத்திக்க முடியாது.

அடுத்தது கால் வீக்கம். எனக்கு சுகருக்கு பயோகிளிட்டசோனும் ஓடிட்டு இருந்துச்சு, அதுவும் ப்ரீகாபலினும் சேந்தா நீர் கோக்கும், சாயங்காலம் செருப்பு வார் தடம் பதிஞ்சு கெடக்கும். டாக்டர் பயோகிளிட்டசோன நிறுத்திட்டு வேற போட்டப்புறம் வத்திடுச்சு. மூணு வருஷத்துல நாலு கிலோ ஏறினது மட்டும் எறங்கல. ப்ரீகாபலின் கிட்னி வழியாத்தான் வெளிய போகுது, அதனால ரத்தத்துல கிரியேட்டினின் (கிட்னி மந்தமானா ஏறுற கழிவு) ஏறுனா டோஸ் குறைக்கணும், நான் ஆறு மாசத்துக்கு ஒருக்கா டெஸ்ட் எடுத்துட்டுதான் போறேன்.

ஒரு பொங்கலுக்கு ஊருக்குப் போனப்ப மாத்திரைய மறந்துட்டேன். ரெண்டு ராத்திரி தூக்கமே இல்ல, வேர்த்துக் கொட்டுது, கொமட்டல். திடீர்னு நிறுத்தக்கூடாதாம், ஒரு வாரமாவது எடுத்து படிப்படியா குறைக்கணும்னு அப்புறம்தான் தெரிஞ்சுது. இன்னொண்ணு, மச்சான் முதுகு வலிக்கு வெச்சிருந்த ட்ரமடால எனக்கும் ஒண்ணு நீட்டினாரு, நல்லவேளை வாங்கல. அது, தூக்க மாத்திரை, சரக்கு, எதோட ப்ரீகாபலின் சேந்தாலும் மூச்சே மந்தமாயிடலாம். 2019லயே அமெரிக்காவோட மருந்து கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ இதப் பத்தி எச்சரிக்கை விட்டுச்சு.

இப்பல்லாம் அஞ்சு ஆறுன்னு வெட்டி வாங்குறதே இல்ல, முழு அட்டைதான். கடைக்காரர் என்னப் பாத்ததும் சிரிச்சுக்கிட்டே அட்டையோட அவரு கண்ணாடியையும் சேத்து நீட்டிடறாரு.