கருங்குங்கிலியம்: பொடி வேண்டாம், கட்டியாக வாங்குங்கள்

குங்கிலியம் என்பது புகை போட எரிக்கும் மரப்பிசின். நாட்டு மருந்துக் கடையில் வெறுமனே ‘குங்கிலியம்’ என்று கேட்டால் பெரும்பாலும் வெளிர் மஞ்சள் கட்டிதான் கிடைக்கும். அது வெள்ளைக் குங்கிலியம், மரமே வேறு. ஆனைமலை, பரம்பிக்குளம், வாழச்சால் மழைக்காடுகளில் காடர் பழங்குடியினர் தேனைப் போலவே சேகரித்து விற்பது கருங்குங்கிலியம். மலையாளத்தில் தெள்ளி, பந்தப்பயின் என்பார்கள். பேரிலேயே தீப்பந்தம் இருக்கிறது. ஈர விறகைக்கூடப் பற்றவைக்க உதவும்.

நான் வாங்கிய 100 கிராம் பொட்டலத்தில் கட்டிகள் புளியங்கொட்டை அளவிலிருந்து எலுமிச்சை அளவுவரை இருக்கின்றன. பார்வைக்குத் தார் போலக் கன்னங்கரேல். ஆனால் மெல்லிய சில்லை உடைத்து வெளிச்சத்தில் பிடித்தால் ஓரம் செம்பழுப்பாகத் தெரிகிறது. உடைந்த முகம் கண்ணாடி மாதிரி பளபளக்கிறது. நல்ல சரக்குக்கு இந்த இரண்டும் போதும். பொடியில் இரண்டையும் பார்க்க முடியாது. என்ன கலந்தார்கள் என்றும் தெரியாது. வெயில் காலத்தில் பொடி இறுகிக் கல்லாகிவிடுவது வேறு.

குறை என்றால் மரப்பட்டைத் துணுக்குதான். அடியில் ஒரு தேக்கரண்டி அளவு கிடந்தது. பட்டையோடு எரித்தால் புகை தொண்டையைக் கமறும், பொறுக்கிவிடுங்கள்.

புகை போடுவதில்தான் பலர் தவறுகிறார்கள். கனன்று சிவந்த கரியில் நேராகப் போட்டால் குப்பென்று தீப்பிடித்துக் கரும்புகை கக்கும், வாசனை போய்விடும். கரிமேல் மெல்லிய சாம்பல் படியும்வரை பொறுத்து, பட்டாணி அளவு துண்டு ஒன்று போடுங்கள். ஒரு அறைக்கு அது தாராளம். உருகி வழிவதால் தூபக்காலில் அடியில் சாம்பல் பரப்புவது நல்லது; ஒட்டிக்கொண்டால் தண்ணீருக்கு அசையாது, டர்பன்டைனில் கரையும். ஆஸ்துமா உள்ளவர் இருக்கும் வீட்டில் தவிர்க்கவும். மற்றவர்களும் ஜன்னலைத் திறந்துவையுங்கள்.

வாசனை சாம்பிராணியின் இனிப்பு இல்லை. கொஞ்சம் எலுமிச்சை, கொஞ்சம் ஈர மரம். பூஜையறைக்குச் சாம்பிராணியே போதும் என்பவர்களுக்கு இது பிடிக்காமல் போகலாம்.

விலை கூடுதலாகத் தோன்றினால், யார் சேகரித்தது, எப்படி என்று கடையில் கேளுங்கள். பட்டையை ஆழமாக வெட்டி, அடியில் தீ மூட்டினால் பிசின் நிறைய வடியும், மரம் பட்டுப்போகும். இதன் பழத்தைத் தின்னும் இருவாச்சிப் பறவைக்கும், பிசினெடுத்துக் கூடு கட்டும் கொசுத்தேனீக்கும் சேர்த்து நட்டம். பதில் சொல்லத் தெரிந்த கடையில் வாங்குங்கள்.