தோல் இருக்கையும் சிங்கப்பூர் ஈரமும்: நான்கு ஆண்டுப் பயன்பாடு

பிடோக்கிலிருந்து மரினா பே வரை, ஈஸ்ட் கோஸ்ட் பூங்கா வழியாக, வாரத்தில் மூன்று நாள் சைக்கிளில் வேலைக்குச் சென்று திரும்புகிறேன். ஒரு வழித் தொலைவு ஏறத்தாழ 14 கிலோமீட்டர். இந்தச் சைக்கிளில் புரூக்ஸ் நிறுவனத்தின் பி17 என்ற தோல் இருக்கையைப் பொருத்தி நான்கு ஆண்டுகள் ஆகின்றன. அதன்மேல் 15,000 கிலோமீட்டருக்கு மேல் ஓட்டிவிட்டேன். தோல் இருக்கை என்றதும் எல்லாரும் முதலில் கேட்பது, "பழகும்வரை ரொம்ப வலிக்குமாமே?" என்பதுதான். என் அனுபவத்தில், அகலம் பொருந்திய இருக்கை தானே பழகிவிடும். பொருந்தாதது எத்தனை ஆயிரம் கிலோமீட்டர் ஓட்டினாலும் பழகாது. பழகியதைக் கெடாமல் வைத்திருப்பதுதான் சிங்கப்பூரில் பெரிய வேலை.

இதை நான் பணம் கொடுத்துத்தான் கற்றுக்கொண்டேன். பி17 வாங்குவதற்கு முன், வேறொருவர் பயன்படுத்திய, பின்புறம் 145 மில்லிமீட்டர் அகலமுள்ள ஒடுங்கிய தோல் இருக்கை ஒன்றை வாங்கியிருந்தேன். பார்க்க அவ்வளவு அழகாக இருந்தது. புதுச் செருப்பு கடிப்பதுபோல்தான், நாளடைவில் சரியாகிவிடும் என்று எட்டு மாதம் பொறுத்துக்கொண்டேன். வலி குறையவில்லை, இடம்கூட மாறவில்லை. பிறகுதான் இடுப்பெலும்பின் அடியில் நாம் உட்காரும்போது பதியும் இரண்டு முனைகளுக்கு இடையிலான தொலைவை அளந்து பார்த்தேன். அதற்குக் கடையும் கருவியும் தேவையில்லை. நெளிவுள்ள அட்டைப் பெட்டியிலிருந்து ஒரு துண்டை வெட்டி, எங்கள் புளோக்கின் (அடுக்குமாடிக் கட்டடத்தின்) கீழ்த்தளத்தில் உள்ள சிமெண்ட் திண்ணையின்மேல் வைத்து, சைக்கிளில் குனிவதைப் போலவே சற்று முன்னால் சாய்ந்து ஒரு நிமிடம் அழுத்தி உட்கார்ந்து எழுந்தால், அட்டையில் இரண்டு பள்ளங்கள் விழுந்திருக்கும். அவற்றின் நடுப்புள்ளிகளுக்கு இடையே எனக்கு 130 மில்லிமீட்டர் இருந்தது.

145 அகலம் இதற்குப் போதும் என்று தோன்றும். ஆனால் தோல் இருக்கை என்பது, மூக்கு எனப்படும் முன் நுனியிலிருந்து பின்புறத்து இரும்பு வளைவு வரை ஊஞ்சல்போல் இழுத்துக் கட்டிய ஒரே தோல். கீழே பஞ்சும் இல்லை, பலகையும் இல்லை. எலும்பு பதிய வேண்டிய இடம் தொங்கும் தோல்தான். ஓரத்து இரும்பும் ரிவெட்டுகளும் ஒருநாளும் இளகாது. இரு பக்கமும் ஒரு சென்டிமீட்டருக்கு மேல் இரும்புக்குப் போய்விட்டால், 145 என்பது 120 அளவுக்குச் சுருங்கிவிடுகிறது. எட்டு மாதமாக நான் இரும்பின்மேல் உட்கார்ந்துகொண்டு தோல் இளகட்டும் என்று காத்திருந்திருக்கிறேன். பி17 சுமார் 170 மில்லிமீட்டர் அகலம் கொண்டது. என் எலும்புகள் இரண்டும் தோலின்மேலேயே அமர்ந்தன. ஆகவே விளம்பரத்தில் உள்ள அகலத்தை அப்படியே எடுத்துக்கொள்ளாமல், இரும்பைக் கழித்துவிட்டுப் பாருங்கள். நிமிர்ந்து உட்கார்ந்து ஓட்டுபவருக்கு எடை முழுவதும் பின்புறம் இறங்குவதால் இன்னும் அகலம் தேவைப்படும். சுருள்வில் வைத்த பி67 போன்றவை அவர்களுக்கானவை. ஹேண்டில்பார் இருக்கையின் உயரத்திலோ சற்று மேலோ இருக்கும் என் சைக்கிளுக்குப் பி17 சரியாக அமைந்தது.

வந்த புதிதில் அதை விரல் முட்டியால் தட்டினால் மரப்பலகையைத் தட்டுவதுபோல் ஒலித்தது. வாணியம்பாடியில் தோல் பதனிடும் ஆலையில் பல ஆண்டுகள் வேலை பார்த்த என் மாமனார் அப்போது எங்கள் வீட்டுக்கு வந்திருந்தார். இருக்கையைத் திருப்பி, மெருகிடாத அடிப்பக்கத்தைக் கட்டைவிரலால் தேய்த்து, முகர்ந்து பார்த்துவிட்டுச் சொன்னார்: "மாப்பிள்ளை, இது பட்டையில பதனிட்ட தோல், குரோம் உப்புல பதனிட்டது இல்ல. தண்ணி பட்டா இளகும். காஞ்சா அந்த உருவத்திலயே நின்னுடும். பாத்து வச்சுக்குங்க." அவர்கள் பக்கத்தில் ஆவாரம்பட்டையும் கடுக்காயும் போட்டுப் பதனிட்ட தோலும் இதே குணம் உடையதுதான். உடற்சூடு, வியர்வையின் ஈரம், எடை ஆகிய மூன்றும் சேர்ந்து பட்டைத் தோலின் நார்களை மெல்ல நகர்த்தி, உட்காருபவரின் வடிவத்துக்குக் கொண்டுவருகின்றன. அதே குணத்தால்தான் மழையில் முழுக்க நனைந்த இருக்கையில் ஏறி ஓட்டினால், அது தொய்ந்து அப்படியே காய்ந்து, மீட்க முடியாமல் போய்விடுகிறது.

முதல் இரண்டு வாரம் நான் வேலைக்கு அதில் போகவில்லை. இரவு உணவுக்குப் பிறகு பிடோக் நீர்த்தேக்கத்தைச் சுற்றி இரண்டு சுற்று மட்டும் ஓட்டினேன். ஒரு சுற்று 4.3 கிலோமீட்டர். முதல் சில நாள்களில் இருபது நிமிடத்துக்குப் பிறகு எலும்பில் வலி தெரிந்தது. தோல் உரசிய எரிச்சல் இல்லை, அழுத்தத்தின் வலி மட்டும்தான். அந்த வேறுபாட்டை இங்கே அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். எலும்பு பதியும் இரண்டு இடங்களில் மட்டும் வலித்தால், அது நாளுக்கு நாள் குறையும். மரத்துப்போதல், தொடை இடுக்கில் எரிச்சல், கையில் வலி ஆகியவை வந்தால் இருக்கையின் உயரமோ சாய்வோ தவறு. எனக்குக் கையில் வலி வந்தது. மட்டமாக வைத்திருந்த இருக்கையின் வழவழப்பில் நான் முன்னால் வழுக்கிக்கொண்டே இருந்ததுதான் காரணம். மூக்கை மூன்று மில்லிமீட்டர் உயர்த்தியதும் நின்றுவிட்டது. இந்த இருக்கையின் அடிக்கம்பிகள் குட்டையானவை என்பதால், பின்னால் போதுமான அளவு தள்ளி வைக்க, பின்வளைவுள்ள சீட் போஸ்ட் (இருக்கையைத் தாங்கும் குழாய்) ஒன்றையும் வாங்க நேர்ந்தது. இருக்கைக்கு ஏறத்தாழ 170 சிங்கப்பூர் வெள்ளி கொடுத்தவர் இந்தச் செலவையும் கணக்கில் வைத்துக்கொள்வது நல்லது.

சுமார் 400 கிலோமீட்டர் ஓடிய பிறகு ஒரு நாள் சைக்கிளைத் தாழ்வாரத்தில் சாய்த்து வைத்தபோது, குழல்விளக்கின் வெளிச்சம் பக்கவாட்டில் விழுந்து, தோலில் இரண்டு மெல்லிய பள்ளங்கள் தெரிந்தன. மேசைக்கரண்டியைக் கவிழ்த்து லேசாக அழுத்தி எடுத்ததுபோன்ற பள்ளங்கள். வலப் பள்ளம் இடப் பள்ளத்தைவிடச் சற்று ஆழம். 800 கிலோமீட்டரில் இருக்கையின் நினைவே இல்லாமல் ஓட்டத் தொடங்கினேன். சராசரி ஈரப்பதம் 80 விழுக்காட்டுக்கு மேல் இருக்கும் ஊர் என்பதால் இங்கே தோல் விரைவில் இளகுகிறது என்றே நினைக்கிறேன். எனவே வெந்நீரில் ஊறவைப்பது, எண்ணெயில் முக்குவது போன்ற குறுக்கு வழிகள் இங்கே தேவையே இல்லை. புதுச் செருப்புக்கு விளக்கெண்ணெய் தடவிய பழக்கத்தில் இதற்கும் தேங்காயெண்ணெய் தடவச் சிலர் சொன்னார்கள், தடவாதீர்கள். எண்ணெய் தோலுக்குள் இறங்கி அதை அளவுக்கு மீறித் தளரச் செய்துவிடும். கொழுப்பும் மெழுகும் சேர்ந்த புரூஃபைட் பசையை, முதலில் இருபுறமும், பிறகு ஆறு மாதத்துக்கு ஒருமுறை மெல்லிய பூச்சாகத் தடவித் துணியால் தேய்த்துவிடுகிறேன். மூக்கின் அடியில் இழுவிசையைக் கூட்டும் நட்டை நான்கு ஆண்டில் இருமுறைதான் தொட்டிருக்கிறேன், ஒவ்வொரு முறையும் கால் சுற்று. ஸ்பேனர் கையில் இருக்கிறது என்பதற்காக அதை அடிக்கடி முறுக்குபவர்கள் தோலைக் கிழித்துக்கொள்கிறார்கள்.

மழையைச் சமாளிப்பது எளிது. குளிக்கும்போது தலைக்கு மாட்டும் பிளாஸ்டிக் உறை ஒன்று எப்போதும் பையில் இருக்கிறது. மேலிருந்து வரும் மழையைவிடப் பின்சக்கரம் வாரி அடிக்கும் நீர்தான் ஆபத்து, ஏனெனில் அடிப்பக்கத் தோலுக்கு மெருகு இல்லை. மட்கார்டு இல்லாத சைக்கிளுக்குத் தோல் இருக்கையை நான் பரிந்துரைக்க மாட்டேன். பூஞ்சைதான் எனக்குக் கவலை தந்தது. இரண்டாம் ஆண்டு ஜூன் விடுமுறையில் மூன்று வாரம் ஊருக்குப் போய்விட்டு வந்து, பூட்டியிருந்த வீட்டைத் திறந்தபோது, இருக்கையின்மேல் ஊறுகாய் ஜாடியில் படர்வதுபோல் வெள்ளைப் பூஞ்சை படர்ந்திருந்தது. தாழ்வாரத்துக்குக் கொண்டுபோய் உலர்ந்த துணியால் துடைத்து, பிறகு பிழிந்த ஈரத் துணியால் ஒருமுறை துடைத்து, வெயிலில் வைக்காமல் இரண்டு நாள் மின்விசிறிக் காற்றில் உலர்த்தி, பசை தடவினேன். கறை மங்கலாக நிற்கிறது, தோலுக்குக் கேடில்லை. அதன் பிறகு வெளியூர் போகும்போது இருக்கையை உறையால் மூடுவதில்லை. மூடினால் ஈரம் உள்ளேயே தங்கிவிடும்.

தோலும் கொழுப்பும் வேண்டாம் என்பவர்களும், சைக்கிளைக் கீழ்த்தளத்தில் சாரல் படும் இடத்தில் நிறுத்த வேண்டியவர்களும், ரப்பரும் துணியும் கொண்டு அதே நிறுவனம் செய்யும் கேம்பியம் சி17 இருக்கையைப் பார்க்கலாம். நண்பரின் சைக்கிளில் ஓட்டிப் பார்த்திருக்கிறேன். முதல் நாளே வசதியாக இருந்தது, ஆனால் அந்த இரண்டு பள்ளங்கள் தரும் பொருத்தம் அதில் இல்லை.

சென்ற வாரம் என் மனைவிக்கும் அட்டையில் அளந்தோம். 142 வந்தது, நிமிர்ந்து ஓட்டுபவர் என்பதால் பி67க்குச் சொல்லிவைத்திருக்கிறோம். டிசம்பர் மழைக்குள் நீர்த்தேக்கத்தைச் சுற்றி முதல் 300 கிலோமீட்டரை முடித்துவிட வேண்டும் என்று அவர் நாள்காட்டியில் குறித்து வைத்திருக்கிறார்.